கிணற்றின் வாயில் ஒரு பகல்: வாசகர் கேள்வி – பதில்

மெக்சிகோவின் யுகாத்தான் தீபகற்பத்திலுள்ள மாயா என்ற தொல்குடி மக்கள் கட்டிய சிச்சென் இட்சா நகரத்தின் இடிபாடுகளையும், அதைச் சுற்றியுள்ள செனோட்டே எனப்படும் இயற்கை நீர்க்குழிகளையும் வழிகாட்டியுடன் ஒரே நாளில் பார்த்துத் திரும்புவது பற்றி வந்திருக்கும் கேள்விகளை இந்த இதழில் சேர்த்து எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: டல்லாஸில் இருக்கும் மகள் குடும்பத்துடன் டிசம்பரில் நான்கு நாள் கான்கூன் என்ற கடற்கரை நகருக்குப் போகிறோம். விடுதி வாசலில் ஏற்றிக்கொண்டு, சிச்சென் இட்சா, செனோட்டேயில் குளியல், மதியச் சாப்பாடு, வயாதோலித் நகரம் எல்லாவற்றையும் காட்டி இரவு கொண்டுவந்து விடும் சுற்றுலாக்கள் பல விலைகளில் இருக்கின்றன. மலிவானதற்கும் விலை கூடியதற்கும் உண்மையில் என்ன வேறுபாடு?
— வாசகி, மயிலாப்பூர்

பதில்: பெரும்பாலும் நேரம்தான் வேறுபாடு. கான்கூனிலிருந்து சிச்சென் இட்சா ஏறத்தாழ 200 கிலோமீட்டர். சுங்கச் சாலையில் நேராகச் சென்றால் இரண்டரை மணி நேரத்தில் போய்விடலாம். ஆனால் மலிவான சுற்றுலாவின் பெரிய பேருந்து, கடற்கரையோரம் வரிசையாக இருக்கும் விடுதிகள் ஒவ்வொன்றின் வாசலிலும் நின்று ஆளேற்றவே ஒரு மணி நேரத்துக்கு மேல் எடுத்துக்கொள்ளும். பிறகு வழியில் கைவினைப் பொருள் கடையில் ஒரு நிறுத்தம், பந்தி உணவுக்கு ஒரு நிறுத்தம் என்று நேரம் கரைந்து, உச்சி வெயிலில், மற்ற எல்லாப் பேருந்துகளும் வந்து நிற்கும் அதே நேரத்தில், இடிபாடுகளின் வாயிலை அடைவீர்கள். நான் முதல்முறை சென்றது அப்படியொரு பேருந்தில்தான். கடையில் ஒரு மணி நேரத்துக்கு மேல் உட்கார வைத்தவர்கள், இடிபாடுகளுக்குள் வழிகாட்டியின் விளக்கம் முடிந்த பிறகு நாங்களாகச் சுற்றிப் பார்க்கக் கொடுத்தது 40 நிமிடங்கள். குளியலுக்கு அரை மணி. அதில் பாதி, பெட்டகச் சாவிக்கும் மிதவை உடுப்புக்கும் வரிசையில் நின்றதில் போயிற்று.

ஆகவே விலையைக் கேட்பதற்கு முன் மூன்று செய்திகளைக் கேளுங்கள்: எத்தனை மணிக்கு ஏற்றுகிறார்கள், இடிபாடுகளுக்குள் மொத்தம் எவ்வளவு நேரம், இடையில் கடை நிறுத்தம் உண்டா. இவற்றோடு நுழைவுக் கட்டணம் விலையில் அடங்கியதா என்பதையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். சிச்சென் இட்சாவில் நடுவண் அரசின் தொல்லியல் நிறுவனத்துக்கு ஒன்று, யுகாத்தான் மாநில அரசுக்கு ஒன்று என இரண்டு கட்டணங்கள் உண்டு. வெளிநாட்டவருக்கு இரண்டும் சேர்ந்து 600 பெசோவுக்கு (மெக்சிகோ நாணயம்) மேலாகிறது. விளம்பரத்தில் மிகக் குறைந்த விலை போட்டிருப்பவர்கள் இதைப் பேருந்துக்குள் ஏறிய பிறகுதான் ரொக்கமாகக் கேட்பது வழக்கம். ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு அது சிறிய தொகை அன்று.

நேரக் கணக்கில் உங்களுக்குச் சாதகமான ஒன்றும் இருக்கிறது. கான்கூன் இருக்கும் கின்தானா ரோ மாநிலமும் சிச்சென் இட்சா இருக்கும் யுகாத்தான் மாநிலமும் வெவ்வேறு நேர வலயங்களில் உள்ளன. யுகாத்தான் ஒரு மணி நேரம் பின்தங்கியது. கான்கூனில் காலை ஆறு மணிக்குக் கிளம்பினால், இரண்டரை மணி நேரம் பயணம் செய்தும், அங்கே ஏழரைதான் ஆகியிருக்கும். எட்டு மணிக்கு வாயில் திறக்கிறது. கூட்டமும் வெயிலும் ஏறுவதற்கு முன் இரண்டரை மணி நேரம் நிதானமாகப் பார்த்துவிட்டுப் பத்தரைக்கு வெளியேறி, பேருந்துக் கூட்டம் உள்ளே இருக்கும் வேளையில் நீங்கள் குளிக்கப் போய்விடலாம். திரும்பும்போது அந்த ஒரு மணி நேரத்தை இழப்பீர்கள் என்பதால் இரவு உணவுக்கு முன்பதிவு எதுவும் செய்துவிடாதீர்கள். நான்கு நாளில் ஓர் இரவை வயாதோலித்தில் கழிக்க முடியுமானால் இந்தக் கணக்கே தேவையில்லை. அங்கிருந்து சிச்சென் இட்சா முக்கால் மணி நேரப் பயணம்தான்.

கிறிஸ்துமஸுக்கும் புத்தாண்டுக்கும் இடைப்பட்ட வாரத்தைத் தவிர்க்கப் பாருங்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் மெக்சிகோ நாட்டவருக்குத் தொல்லியல் கட்டணம் இல்லை என்பதால் அன்றும் நெரிசல் இருக்கும்.

கேள்வி: செனோட்டே என்பது குளமா, கிணறா, குகையா? படங்களில் ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதமாக இருக்கிறதே? விண்கல் விழுந்து உண்டான பள்ளம் என்று ஒரு காணொளியில் சொன்னார்கள்.
— வாசகர், பெருந்துறை

பதில்: மூன்றும்தான். ஒரே செனோட்டே தன் வாழ்நாளில் இம்மூன்றாகவும் இருக்கக்கூடும்.

யுகாத்தானின் வடபகுதியில் தரைக்கு மேல் ஓடும் ஆறுகள் கிடையாது. நிலம் முழுவதும் சுண்ணாம்புக்கல். பெய்யும் மழை நிற்காமல் உள்ளே இறங்கிவிடுகிறது. காற்றிலும் மண்ணிலும் உள்ள கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு மெல்லிய அமிலமாக இறங்கும் அந்த நீர், நெடுங்காலமாகப் பாறையை அரித்து நிலத்துக்கடியில் குகைகளையும் சுரங்கங்களையும் உண்டாக்கியிருக்கிறது. பனியுகத்தில் கடல் மட்டம் இன்றைக்கிருப்பதைவிட 100 மீட்டருக்கு மேல் தாழ்ந்திருந்தபோது இந்தக் குகைகள் உலர்ந்து கிடந்தன. கூரையிலிருந்து சொட்டிய நீர் கல்விழுதுகளாக இறுகியது அப்போதுதான். பின்னர்க் கடல் உயர்ந்தது, நிலத்தடி நீரும் கூடவே உயர்ந்து குகைகளை நிரப்பியது. இன்று நீருக்கடியில் முக்குளிப்பவர்கள் காணும் கல்விழுதுகள், அந்த இடம் ஒருகாலத்தில் வறண்ட குகையாக இருந்தது என்பதற்குச் சான்று. நீருக்குள் அவை உருவாக வழியில்லை.

கூரை இன்னும் விழாமல், ஒரு துளை வழியே மட்டும் வெளிச்சம் இறங்கினால் அது குகைச் செனோட்டே. கூரை பாதி விழுந்தால், வயாதோலித் நகரின் நடுவே இருக்கும் சாசி செனோட்டேயைப் போல ஒரு பக்கம் குடையாகவும் ஒரு பக்கம் வானமாகவும் இருக்கும். கூரை முழுதும் விழுந்து சுவர் மட்டும் செங்குத்தாக நின்றால், உங்கள் கொங்கு நாட்டுத் தோட்டக் கிணற்றைப் பத்து மடங்கு அகலமாக்கினாற்போல் தோன்றும். சுவரும் சரிந்து மண் தூர்ந்துபோனால் குளம்.

விண்கல் கதையில் உண்மை உண்டு, ஆனால் சிச்சென் இட்சாவுக்கு அது பொருந்தாது. ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் சிக்சுலுப் என்ற இடத்தை மையமாகக் கொண்டு விழுந்த விண்கல் ஒரு பெரும்பள்ளத்தை ஏற்படுத்தியது. அந்தப் பள்ளம் பிற்காலப் படிவுகளால் மூடப்பட்டுவிட்டாலும், அதன் விளிம்பில் பாறை நொறுங்கியிருந்ததால் நீர் அங்கே எளிதாக அரித்து, செனோட்டேகள் வளையம் போல் அமைந்திருக்கின்றன. சிச்சென் இட்சா அந்த வளையத்துக்கு வெளியே கிழக்கில் இருக்கிறது. நீங்கள் குளிக்கப்போகும் செனோட்டே டைனோசர்களைக் கொன்ற கல்லால் உண்டானது என்று வழிகாட்டி சொன்னால் புன்னகைத்துக் கேட்டுக்கொள்ளுங்கள்.

இந்த நீர்தான் அந்த நகரம் அங்கே இருப்பதற்கே காரணம். மாயா மொழியில் 'சி' என்றால் வாய், 'ச்சென்' என்றால் கிணறு. 'இட்சா' மக்களின் கிணற்று வாய் என்பதே ஊரின் பெயர். செனோட்டே என்ற சொல்லும் 'ட்சோனோத்' என்ற மாயாச் சொல்லை ஸ்பானியர்கள் தங்கள் நாவுக்கு வளைத்துக்கொண்டதுதான். நகரத்துக்குள்ளேயே இரண்டு செனோட்டேகள் உள்ளன: குடிநீருக்கு ஒன்று, வழிபாட்டுக்கு ஒன்று. நடுவில் நிற்கும், கூகுல்கான் என்ற இறகு நாகக் கடவுளின் பிரமிடுக்கு அடியிலும் ஒரு நீர்க்குழி இருக்கக்கூடும் என்று மின்தடையை அளந்து பார்த்த மெக்சிகோ அறிவியலாளர்கள் 2015இல் அறிவித்தார்கள். எனவே இடிபாடு தனி, குளியல் தனி என்று இந்தப் பயணத்தைப் பிரித்துப் பார்க்க வேண்டியதில்லை. காலையில் பார்ப்பதற்கான விளக்கம் மதியம் இறங்கும் நீரில் இருக்கிறது.

கேள்வி: அந்த வழிபாட்டுக் கிணற்றில் கன்னிப் பெண்களைத் தள்ளிப் பலி கொடுத்தார்கள் என்று படித்திருக்கிறேன். உண்மையா? அங்கே குளிக்க விடுவார்களா?
— கல்லூரி மாணவி, மதுரை

பதில்: குளிக்க விடமாட்டார்கள், வேலிக்கு வெளியே நின்று எட்டிப் பார்க்கலாம். பிரமிடு இருக்கும் திடலிலிருந்து மாயாக்கள் போட்ட உயர்த்திய வெண்பாதை ஒன்று வடக்கே சுமார் 300 மீட்டர் சென்று அதன் விளிம்பில் முடிகிறது. ஏறத்தாழ 60 மீட்டர் விட்டமுள்ள வாய். 20 மீட்டருக்குக் கீழே பாசி படர்ந்த பச்சை நீர். அவசரச் சுற்றுலாக்கள் பல இந்த இடம்வரை அழைத்துப் போவதே இல்லை. ஊருக்குப் பெயர் தந்த கிணற்றைப் பார்க்காமல் திரும்புவதா என்று நீங்களே கேட்டு நடந்துவிட வேண்டும்.

பலி உண்மை, 'கன்னிப் பெண்கள்' என்பது கட்டுக்கதை. வறட்சிக் காலங்களில் மனிதரை உயிருடன் இதில் எறிந்தார்கள் என்று 16ஆம் நூற்றாண்டில் தியேகோ தெ லாந்தா என்ற ஸ்பானியத் துறவி எழுதிவைத்தார். மானி என்ற ஊரில் 1562இல் மாயாக்களின் ஏடுகளைக் குவித்து எரித்தவரும் அவரே என்பதால், அவர் சொல்வதைச் சற்று நிதானித்தே ஏற்க வேண்டியிருக்கிறது. பின்னர் எட்வர்டு தாம்சன் என்ற அமெரிக்கத் தூதரக அதிகாரி இந்த நிலத்தையே விலைக்கு வாங்கி, 1904 தொடங்கிச் சில ஆண்டுகள் கிணற்றைத் தூர்வாரி, பச்சைக்கல், தங்கம், கோப்பால் என்ற சாம்பிராணிக் கட்டிகள் முதலியவற்றோடு மனித எலும்புகளையும் எடுத்து அமெரிக்காவுக்கு அனுப்பினார். அவற்றில் ஒரு பகுதி பல பத்தாண்டுகளுக்குப் பிறகே மெக்சிகோவுக்குத் திரும்பியது. எலும்புகளை ஆராய்ந்தவர்கள் கண்டது ஆண், பெண், குழந்தை என எல்லாரையும்தான்.

இன்னொரு செய்தி அண்மையது. இந்தக் கிணற்றுக்கு அருகே நிலத்தடி நீர்த்தொட்டி ஒன்றில் முன்பு கண்டெடுக்கப்பட்ட குழந்தைகளின் எலும்புகளில் 64 பேருடையவற்றை மரபணு முறையில் சோதித்து 2024இல் முடிவை வெளியிட்டார்கள். அத்தனை பேரும் சிறுவர்கள். நெருங்கிய உறவினர் பலர்; ஒரே கருவில் பிறந்த இரட்டையர் இரண்டு இணைகளும் அவர்களுள் இருந்தனர். மாயாக்களின் புராணத்தில் பாதாளத்துக்குச் செல்லும் இரட்டைச் சகோதரர்களை இது நினைவூட்டுவதாக ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். கன்னிப் பெண் கதை இந்தச் செய்திக்கு அருகில்கூட வராது.

கேள்வி: பிரமிடின் மீது ஏற முடியாதாமே? கீழே நின்று பார்ப்பதற்கு வழிகாட்டி எதற்கு? கைப்பேசியில் எல்லாம் கிடைக்கிறதே?
— வாசகர், தஞ்சாவூர்

பதில்: 2006இல் ஒருவர் விழுந்து இறந்த பிறகு ஏறுவதற்குத் தடை வந்தது உண்மைதான். ஆயினும் இந்தக் கட்டடம் ஏறுவதைவிட எண்ணுவதற்கே உரியது. நான்கு பக்கமும் 91 படிகள், உச்சி மேடை ஒன்று, ஆக 365. மாயாக்களின் 'ஹாப்' ஆண்டு, 20 நாள் கொண்ட 18 மாதங்களும் மிச்சம் ஐந்து நாளுமாக இதே 365தான். மார்ச், செப்டம்பர் மாதங்களில் பகலும் இரவும் சமமாகும் நாட்களை ஒட்டி, மாலை வெயிலில் அடுக்குகளின் நிழல் வடக்குப் படிக்கட்டின் ஓரச்சுவரில் முக்கோணங்களாக விழுந்து, கீழே செதுக்கிய பாம்புத் தலையோடு சேரும். இறகு கொண்ட நாகம் இறங்கி வருவதுபோல் தோன்றும். வேறு நாட்களில் போகிறவர்களுக்கு இது கிடைக்காது. ஆனால் படிக்கட்டின் முன் நின்று கை தட்டினால், எதிரொலி கெட்சால் பறவையின் கூவல் போல் கீச்சென்று திரும்புவதை எந்த நாளிலும் கேட்கலாம்.

இவையெல்லாம் கைப்பேசியிலும் கிடைக்கும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். உள்ளே எந்தக் கல்லுக்கும் போதிய விளக்கப் பலகை இல்லை என்பதும், வெட்டவெளித் திடலின் வெயிலில் திரையில் எழுத்தே தெரியாது என்பதும் ஒருபுறம் இருக்கட்டும். யுகாத்தான் வழிகாட்டிகளில் கணிசமானோர் மாயா மொழியை வீட்டில் பேசி வளர்ந்தவர்கள். இன்றும் அந்த மொழியை ஏழு லட்சத்துக்கும் அதிகமானோர் பேசுகிறார்கள். மாயாக்கள் மாயமாய் மறைந்தார்கள் என்று பள்ளிப் பாடத்தில் படித்த நமக்கு, ஒரு மாயாவே அந்தக் கிணற்றின் பெயரைத் தன் தாய்மொழியில் பிரித்துச் சொல்லக் கேட்பது வேறொரு அனுபவம். தஞ்சைக் கோயிலை அந்த ஊர்க்காரர் சுற்றிக் காட்டுவதற்கும் புத்தகத்தில் படிப்பதற்கும் உள்ள வேறுபாட்டை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் கழுத்தில் அரசு வழங்கிய அடையாள அட்டை இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தாலும் எல்லாவற்றையும் நம்பிவிடாதீர்கள். 168 மீட்டர் நீளமுள்ள பெரிய பந்தாட்டக் களத்தில் நின்று, ஆட்டத்தில் வென்ற தலைவனே தன் தலையைப் பெருமையோடு கொடுத்தான் என்று பலர் சொல்வார்கள். களத்தின் சுவரில், தலை துண்டிக்கப்பட்ட ஆட்டக்காரனின் கழுத்திலிருந்து குருதி பாம்புகளாகப் பீறிடும் சிற்பம் இருக்கிறது. அவன் வென்றவனா தோற்றவனா என்பதைச் சிற்பம் சொல்லவில்லை.

கேள்வி: ஒன்பது வயதில் தோட்டத்துக் கிணற்றில் சுரைக்குடுக்கை கட்டி நீந்தப் பழகியவன் நான். எனக்கும் மிதவை உடுப்பு கட்டாயம் என்கிறார்களே? என் மனைவிக்கு நீச்சல் தெரியாது, முழங்கால் வலியும் உண்டு. அவர் இறங்க முடியுமா?
— 62 வயது வாசகர், கோபிசெட்டிபாளையம்

பதில்: கிணற்று நீச்சல்காரர்களிடம் இதைச் சொல்வது கடினம் என்று தெரியும், ஆனாலும் அணிந்துகொள்ளுங்கள். சுற்றுலாக்கள் மிகுதியாக அழைத்துச் செல்லும் இக் கில் செனோட்டே, சிச்சென் இட்சாவிலிருந்து சுமார் மூன்று கிலோமீட்டரில் இருக்கிறது. அதன் ஆழம் 40 மீட்டருக்கு மேல். உங்கள் கிணற்றில் களைத்தால் கல்படியைப் பிடித்து நிற்கலாம். இங்கே நடுவில் குறுக்கே கட்டிய கயிற்றைத் தவிரப் பிடிக்க எதுவும் இல்லை. கடலில் நீந்துவோரை உப்புநீர் தாங்குவதுபோல் இந்த நன்னீர் தாங்காது. நீர் ஆண்டு முழுதும் 24, 25 டிகிரி அளவில்தான் இருக்கும்; வெயிலில் மூன்று மணி நேரம் நடந்து வியர்த்த உடம்போடு திடீரெனக் குதித்தால் மூச்சு ஒரு கணம் திணறும். கால் நனைத்து, முகம் கழுவி, மெல்ல இறங்குங்கள். மேலிருந்து குதிக்கும் இளைஞர்களைப் பார்த்து ஆசைப்பட வேண்டாம். கீழே தலைகள் மிதந்துகொண்டிருக்கும். சின்னஞ்சிறு மீன்கள் காலைக் கொத்தும், அதற்கு அஞ்ச வேண்டியதில்லை.

உங்கள் மனைவிக்கு நீச்சல் தெரியாதது தடையில்லை. மிதவை உடுப்போடு கயிற்றைப் பிடித்துக்கொண்டு கிடக்கலாம். முழங்கால்தான் சிக்கல். இக் கில்லில் நீர் தரைமட்டத்துக்குச் சுமார் 26 மீட்டர் கீழே இருக்கிறது. ஏறக்குறைய எட்டு மாடி. ஈரத்தில் வழுக்கும் கல்படிகளில் இறங்கி, பிறகு அவ்வளவும் ஏற வேண்டும். பாதி வழியில் இருக்கும் மாடத்தில் நின்று, மேலிருந்து நீர்வரை தொங்கும் மரவேர்களையும் கொடிகளையும் பார்ப்பதே போதும் என்று அவர் முடிவு செய்தால் அது குறையன்று. இறங்கியே ஆக வேண்டும் என்றால், துலூம் பக்கத்துக் கடலோரச் செனோட்டேகள் சிலவற்றில் நீர் தரைமட்டத்துக்கு அருகிலேயே இருக்கிறது; துலூமின் கடற்கரை இடிபாடுகளையும் அவற்றோடு சேர்த்துப் பார்க்கும் சுற்றுலாவைத் தேர்ந்தெடுங்கள்.

சேலை, பருத்திச் சுடிதார் போன்றவை நீரில் கனத்துக் காலைச் சுற்றும், ஆகவே வேண்டாம். முழுக்கை நீச்சல் மேலுடையும் நீண்ட இறுக்கக் காற்சட்டையும் அணிந்து இறங்குவதை அங்கே யாரும் வியப்பாகப் பார்ப்பதில்லை. ரப்பர் அடிச் செருப்பு ஒன்று, துவைத்த துண்டு ஒன்று, பெட்டகத்துக்குச் சில்லறைப் பெசோ ஆகியவை போதும்.

கேள்வி: வெயில் பூச்சைத் தடவிக்கொண்டு குளிக்கக் கூடாதாமே?
— வாசகி, புதுச்சேரி

பதில்: கூடாது. இறங்குவதற்கு முன் பொழிகுழாயில் நின்று உடம்பைக் கழுவச் சொல்வார்கள். அந்த நீர் தேங்கிக் கிடக்கும் குளம் அன்று. நிலத்தடியில் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நீளும் சுரங்கங்களோடு தொடர்புடையது, கிராமத்தார் குடிக்கும் நீரும் அதுவே. காலையில் இடிபாடுகளில் தொப்பியும் முழுக்கைச் சட்டையும் போட்டுக்கொண்டால் பூச்சின் தேவையே பாதியாகக் குறைந்துவிடும்.

கேள்வி: இந்தியக் கடவுச்சீட்டுக்கு மெக்சிகோ விசா தனியாக எடுக்க வேண்டுமா?
— வாசகர், ஹூஸ்டன்

பதில்: செல்லுபடியாகும் அமெரிக்க விசாவோ நிரந்தர வதிவுரிமை அட்டையோ இருந்தால் சுற்றுலாவுக்குத் தனி விசா தேவையில்லை. அமெரிக்கா திரும்பும் நாள்வரை அந்த விசா முத்திரை காலாவதியாகாமல் இருக்கிறதா என்பதைக் கிளம்பும் முன் பார்த்துக்கொள்ளுங்கள். விதிகள் மாறக்கூடியவை, பயணச்சீட்டு எடுக்கும் வாரத்தில் தூதரக இணையதளத்தில் ஒருமுறை உறுதி செய்துகொள்வது நல்லது.

கேள்வி: நாங்கள் முட்டைகூடச் சாப்பிடாத சைவம். பந்தியில் எங்களுக்கு ஏதாவது கிடைக்குமா?
— வாசகி, கும்பகோணம்

பதில்: கிடைக்கும், கேட்டு வாங்க வேண்டும். யுகாத்தானின் பெருமைக்குரிய பண்டங்கள் பன்றியும் கோழியும் வான்கோழியுமாக இருக்கும். காய்கறிப் பண்டம் போல் தோன்றும் பாப்பாட்சுலில் அவித்த முட்டை ஒளிந்திருக்கும். கருப்புப் பயற்றைக் கடைந்து வைத்திருப்பதில் பன்றிக்கொழுப்பு சேர்த்திருப்பார்கள் என்பதால் 'சின் கார்னே' (இறைச்சி வேண்டாம்) என்பதோடு 'சின் மந்தேக்கா' (பன்றிக்கொழுப்பு வேண்டாம்) என்றும் சொல்ல வேண்டும். சோளத் தோர்த்தியா, சோறு, பழங்கள் எப்போதும் உண்டு. சிகில் பாக் என்று ஒன்று கேட்டுப் பாருங்கள்: பூசணி விதையை வறுத்து, சுட்ட தக்காளியும் மிளகாயும் சேர்த்து அரைத்த துவையல், அம்மியில் அரைத்த நம் வீட்டுத் துவையலின் அக்காள் முறை என்று சொல்லலாம். மிளகாயும் தக்காளியும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து கடல் கடந்துதான் நம் அடுப்படிக்கு வந்தன என்பதால் மூத்தவள் அவளேதான். ஆனால் அங்கே போடுவது ஆபனேரோ மிளகாய். ஆந்திரக் காரம் சாப்பிட்டவர்கள் என்ற துணிவில் கரண்டியால் அள்ளாமல் விரல்நுனியில் தொட்டுப் பாருங்கள். சாப்பாட்டைக் குளியலுக்குப் பிறகு வைத்துக்கொள்ள முடியுமா என்று வழிகாட்டியிடம் காலையிலேயே கேட்டுவிடுங்கள். வயிறு நிறைந்த பின் அந்தப் படிகளில் ஏறி இறங்க முடியாது.